புராத்தினோவுக்கு உயிர் தந்தவர்

பாம்பன் கடற்கரையில், உப்புக்காற்றில் படபடக்கும் வெள்ளைத் திரையில் தோற்பாவைகள் இராமாயணம் ஆடக் கண்டு வளர்ந்தவன் என்பதால், எஸ்டோனிய நடிகரும் பாவைக் கலைஞருமான ஃபெர்டினாண்ட் வெய்கேயின் வாழ்க்கை எனக்கு அந்நியமாகத் தோன்றவில்லை. 1924-இல் பிறந்த அவர், சோவியத் ஆட்சிக்காலத்தில், 1952-இல், தாலின் நகரில் அரசு பாவை நாடக அரங்கை நிறுவி, நெடுங்காலம் அதை வழிநடத்தினார்.

எனினும், தொலைக்காட்சி பார்த்த குழந்தைகளுக்கு அவர் நீண்ட மூக்குடைய மரப்பொம்மைச் சிறுவன் புராத்தினோதான். கலைஞர் மறைந்து பாத்திரம் மட்டும் நிற்பது எங்கள் கூத்திலும் உண்டு: இராமன், இராவணன், கோமாளி உச்சிக்குடும்பன் என எல்லோருக்கும் திரைக்குப் பின்னால் ஒருவரே குரல் கொடுப்பார். அக்குரல் இன்னும் காதில் நிற்கிறது, அவர் முகத்தை மட்டும் நான் பார்த்ததேயில்லை. அந்த வருத்தத்தினாலேயே வெய்கேயின் புகைப்படங்களை நீண்ட நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் 2015-இல் மறைந்தார். அவர் தொடங்கிய அரங்கு தாலினின் பழைய நகரப் பகுதியில் இன்றும் இயங்குகிறது.