மிஸ்டு கால் கொடுக்கும் ஆட்டம்: ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-ல் ரூம் தெரியாமல் போவது ஏன்?

ஒருவர் ரூம் (பலர் சேர்ந்து ஆடக் கூடும் இடம்) போட்டுவிட்டுக் காத்திருக்கிறார். இன்னொருவர் திரையில் பட்டியல் காலி. சில நேரம் ரூம் தெரிகிறது, சேர அழுத்தினால் அப்படியே உறைந்து நிற்கிறது. ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-இன் பழைய சிடி பதிப்பை (1999-இல் வந்த மூல ஆட்டம், 2000-இல் வந்த கான்கரர்ஸ் இணைப்பு) இன்றைய விண்டோஸில் நண்பர்களோடு ஆட முயல்கிற எல்லோரும் இந்த இரண்டில் ஒன்றில் மாட்டுகிறார்கள். உடனே பழி நெட் வேகத்தின் மேல் விழுகிறது. நெட் வேகத்துக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. டயல்-அப் மோடம் காலத்து இணைப்பிலேயே எட்டுப் பேர் ஆட வேண்டும் என்று திட்டமிட்டுச் செய்த ஆட்டம் இது. உங்கள் ஃபைபர் இணைப்பு அதற்குத் தேவைக்கு மிக மிக அதிகம்.

2013-இல் ஸ்டீமில் வந்த எச்டி பதிப்பும் 2019-இல் வந்த டெஃபினிட்டிவ் எடிஷனும் வேறு வழியில் இணைகின்றன. கீழே உள்ளது அவற்றுக்குப் பொருந்தாது. பழைய பதிப்புக்கு எம்எஸ்என் கேமிங் ஸோன் என்ற சந்திக்கும் இடம் இருந்தது. அதை 2006-இல் மூடிவிட்டார்கள். ஆனால் ஆட்டத்துக்குள் இருக்கும் இணைப்பு முறை அப்படியே உயிரோடுதான் இருக்கிறது. அதன் பெயர் டைரக்ட்பிளே. சிக்கல் முழுவதும் அதன் பழக்கத்தில் இருக்கிறது.

முதலில் யார் யாரை அழைக்கிறார்கள்

நீங்கள் ரூம் தேடும்போது உங்கள் கணினி நெட்வொர்க் முழுவதற்கும் ஒரு கூவல் விடுகிறது. யுடிபி (இணைப்பு எதுவும் ஏற்படுத்தாமல் தகவலை வீசிவிடும் முறை), போர்ட் (கணினியின் வாசல் எண்) 47624. "யாராவது ரூம் போட்டிருக்கிறீர்களா?" என்பதுதான் அதன் பொருள். ஹோஸ்ட் கணினி, அதாவது ரூம் போட்டவருடைய கணினி, அதைக் கேட்டுவிட்டு அதே வழியில் பதில் சொல்லாது. புதிதாக ஒரு டிசிபி இணைப்பை (முதலில் இணைப்பை ஏற்படுத்திவிட்டுப் பேசும் முறை) தானே தொடங்கி, உங்கள் கணினியின் 2300 முதல் 2400 வரையிலான போர்ட் ஒன்றுக்கு வந்து பதில் தரும்.

மிஸ்டு கால் கொடுத்தால் எதிராளி திரும்ப அழைப்பதைப் போலத்தான் இது. உங்கள் போனில் வெளியே அழைக்கலாம், உள்ளே வரும் அழைப்பு தடை என்றால் என்ன ஆகும்? மிஸ்டு கால் போய்ச் சேரும், அவரும் திரும்ப அழைப்பார், உங்களுக்கு மணியே அடிக்காது.

பெரும்பாலான வழிகாட்டிகள் தவறவிடுவது இதைத்தான். "ஹோஸ்ட் போர்ட் திறந்தால் போதும்" என்று எழுதிவிடுகிறார்கள். இன்றைய ஆட்டங்களுக்கு அது சரி. இங்கே சேருகிறவர் பக்கமும் வாசல் திறந்திருக்க வேண்டும். அதோடு முடியவில்லை. ரூமுக்குள் நுழைந்தபின் ஒவ்வொருவரும் மற்ற ஒவ்வொருவரோடும் நேரடியாகப் பேசுகிறார்கள். எட்டுப் பேர் என்றால் 28 ஜோடிகள். ஏழு பேர் சேர்ந்து, எட்டாவது ஆள் வந்ததும் எல்லாம் தொங்குகிறது என்றால், அந்த எட்டாவது ஆளுக்கும் ஹோஸ்டுக்கும் இடையே சிக்கல் என்று மட்டும் நினைக்காதீர்கள். அவருக்கும் நடுவில் உள்ள ஒருவருக்கும் இடையிலும் இருக்கலாம்.

டைரக்ட்பிளே இருக்கிறதா?

விண்டோஸ் 10, 11 இரண்டிலும் இது தானாக நிறுவப்பட்டிருக்காது. கண்ட்ரோல் பேனல், புரோகிராம்ஸ், "டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஆன் ஆர் ஆஃப்" என்று போங்கள். அந்தப் பட்டியலில் "லெகசி காம்பொனன்ட்ஸ்" என்பதை விரித்தால் உள்ளே டைரக்ட்பிளே இருக்கும். டிக் செய்து ஓகே கொடுத்து, ஒருமுறை ரீஸ்டார்ட் செய்யுங்கள். ஆட வரும் எல்லோருடைய கணினியிலும் இதைச் செய்ய வேண்டும்.

ஃபயர்வாலில் மூன்று பெயர்கள்

ஆட்டத்தை ஃபயர்வாலில் (கணினிக்குள் வரும் இணைப்புகளை வடிகட்டும் காவல் நிரல்) அனுமதித்த பிறகும் ரூம் தெரியாததற்கு வழக்கமான காரணம், 47624-இல் காது கொடுத்துக் காத்திருப்பது ஆட்டமே இல்லை என்பதுதான். டி-பிளே-எஸ்-வி-ஆர் (dplaysvr) என்ற சிறிய உதவி நிரல் அந்த வேலையைச் செய்கிறது. 64 பிட் விண்டோஸில் அது விண்டோஸ் கோப்புறைக்குள் சிஸ்வாவ்64 (SysWOW64) என்ற இடத்தில் இருக்கும். ஆக, அனுமதிக்க வேண்டியவை மூன்று: மூல ஆட்டத்தின் எம்பயர்ஸ்2, கான்கரர்ஸின் ஏஜ்2_எக்ஸ்1, பிறகு இந்த உதவி நிரல். மூல ஆட்டமும் கான்கரர்ஸும் தனித்தனி நிரல்கள். ஒன்றுக்குக் கொடுத்த அனுமதி மற்றதற்குச் செல்லாது.

அனுமதி கொடுக்கும்போது பிரைவேட், பப்ளிக் இரண்டையும் டிக் செய்யுங்கள். விபிஎன் என்பது தூரத்துக் கணினிகளை ஒரே நெட்வொர்க்கில் இருப்பதுபோல இணைக்கும் மென்பொருள். அதன் அடாப்டர்களை (நெட்வொர்க் இணைப்பு வாசல்களை) விண்டோஸ் பல நேரம் அடையாளம் தெரியாத நெட்வொர்க் என்று எடுத்துக்கொண்டு பப்ளிக் பக்கம் போட்டுவிடும். பிரைவேட்டை மட்டும் திறந்தவர்களுக்கு வீட்டு நெட்வொர்க்கில் ஆட்டம் ஓடும், விபிஎன்னில் ஓடாது.

இன்னொரு பொறி இருக்கிறது. ஆட்டத்தை முதன்முறை திறந்தபோது ஃபயர்வால் கேட்ட கேள்விக்கு யாராவது "கேன்சல்" அழுத்தியிருந்தால், விண்டோஸ் அந்த நிரலுக்கு ஒரு தடை விதியை எழுதி வைத்திருக்கும். பின்னால் நீங்கள் எத்தனை அனுமதி விதி சேர்த்தாலும் தடை விதிதான் வெல்லும். "விண்டோஸ் டிஃபென்டர் ஃபயர்வால் வித் அட்வான்ஸ்டு செக்யூரிட்டி" திறந்து, இன்பவுண்ட் ரூல்ஸ் பட்டியலில் ஆட்டத்தின் பெயரோடு சிவப்புத் தடைக் குறி இருக்கும் வரிகளை அழித்துவிடுங்கள். பிறகுதான் புதிய அனுமதி வேலை செய்யும்.

சரியாகிவிட்டதா என்று ஊகிக்க வேண்டாம், பார்த்துவிடலாம். ஹோஸ்ட் ரூம் போட்ட நிலையில் ஆல்ட்-டேப் செய்து வெளியே வந்து ரிசோர்ஸ் மானிட்டரைத் திறக்கட்டும். நெட்வொர்க் தாவலில் "லிசனிங் போர்ட்ஸ்" பகுதியில் 47624 தெரிய வேண்டும். அதே வரியின் கடைசியில் ஃபயர்வால் நிலை என்ன என்றும் எழுதியிருக்கும். போர்ட்டே தெரியவில்லை என்றால் டைரக்ட்பிளே சரியாக எழவில்லை. டாஸ்க் மேனேஜரில் பழைய ஆட்டத்தின் மிச்சமாக அந்த உதவி நிரல் தொங்கிக்கொண்டிருந்தால் நிறுத்திவிட்டு, ஆட்டத்தை மறுபடி திறங்கள்.

ரவுட்டரைத் திறப்பதா, விபிஎன்னா?

வெவ்வேறு வீடுகளில் இருந்து ஆடுகிறவர்களுக்குப் பழைய அறிவுரை: ரவுட்டரில் டிசிபி, யுடிபி இரண்டிலும் 47624, 2300–2400 ஆகியவற்றை உங்கள் கணினிக்குத் திருப்பிவிடுங்கள். இதை நான் பரிந்துரைக்க மாட்டேன். இதற்கு மூன்று காரணங்கள்.

ஒன்று, இந்தியாவில் பல ஃபைபர் இணைப்புகளிலும் மொபைல் இணைப்புகளிலும் உங்களுக்கென்று தனி வெளி முகவரியே கிடையாது. ஒரு முகவரியைப் பல வீடுகள் பங்கு போட்டுக்கொள்கின்றன. ரவுட்டரின் வான் (WAN, இணையத்தை நோக்கிய) பக்கத்து முகவரியைப் பாருங்கள். அது 100.64 முதல் 100.127 வரை தொடங்கினாலோ, 10 என்று தொடங்கினாலோ, அல்லது முகவரி காட்டும் இணையதளம் சொல்வதோடு ஒத்துப்போகாவிட்டாலோ, உங்கள் ரவுட்டரில் எந்தப் போர்ட்டைத் திறந்தும் பயனில்லை. பூட்டு உங்கள் வீட்டு வாசலில் இல்லை, தெருமுனையில் இருக்கிறது.

இரண்டு, ஒரே வீட்டில் இருவர் வெளியூர் ரூமில் சேர விரும்பினால் 2300–2400 யாருக்குப் போவது? ரவுட்டர் ஒரு கணினிக்குத்தான் அனுப்பும். இரண்டாமவருக்கு மணி அடிக்காது.

மூன்று, டைரக்ட்பிளே கைவிடப்பட்ட பழைய மென்பொருள். அதை முழு இணையத்தின் முன்னால் திறந்து வைப்பது நல்லதல்ல. கணினியை டிஎம்இசட்-இல் (எல்லாப் போர்ட்டுகளையும் ஒரு கணினிக்குத் திறந்துவிடும் ரவுட்டர் அமைப்பு) போடச் சொல்லும் அறிவுரை இன்னும் மோசம். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள்.

எல்லோரும் ஒரே வீட்டு நெட்வொர்க்கில் இருப்பதைப் போல ஆட்டத்தை நம்ப வைப்பதே நேர்த்தியான வழி. ரேட்மின் விபிஎன், ஹமாச்சி, ஸீரோடையர் மூன்றும் இதற்குப் பொருந்தும். ரேட்மின் 26 என்று தொடங்கும் முகவரியும், ஹமாச்சி 25 என்று தொடங்கும் முகவரியும் கொடுக்கும். ஹமாச்சியின் இலவச நெட்வொர்க்கில் ஐந்து பேர்தான். எட்டுப் பேர் ஆட ரேட்மின் வசதி. டெயில்ஸ்கேல், வயர்கார்டு போன்றவை நல்ல மென்பொருள்கள்தான். ஆனால் நெட்வொர்க் முழுவதற்கும் போகும் அந்தக் கூவலை அவை சுமந்து செல்வதில்லை. அதனால் அவற்றில் ரூம் தேடினால் காலியாகத்தான் இருக்கும்.

ரேட்மினில் ஒருவர் நெட்வொர்க் உருவாக்கிப் பெயரும் கடவுச்சொல்லும் கொடுக்க, மற்றவர்கள் சேரட்டும். சேர்ந்ததும் ஆட்டத்தைத் திறக்காதீர்கள். பட்டியலில் ஒவ்வொரு பெயரின் மேலும் வலது கிளிக் செய்து பிங் (தகவல் போய்த் திரும்ப ஆகும் நேரம்) பாருங்கள். ஒவ்வொருவரும் மற்ற எல்லோரையும் பார்க்க வேண்டும், ஹோஸ்ட் மட்டும் பார்த்தால் போதாது. அந்த 28 ஜோடிகளை நினைவில் வையுங்கள். எங்காவது "ரிலே" என்று காட்டினால் அந்த இருவருக்கும் நேரடி வழி கிடைக்காமல் நடுவில் ஒரு சர்வர் வழியாகச் சுற்றிப் போகிறார்கள். ஆட முடியும், தாமதம் கூடும்.

பிங் போகிறது, ரூம் மட்டும் தெரியவில்லை

இதுதான் ஆளைச் சோர்வடையச் செய்யும் கட்டம். எல்லாம் சரியாக இருக்கும், பட்டியல் மட்டும் காலி. காரணம் கூவல் தப்பான வாசல் வழியாகப் போகிறது. ஒரு கணினியில் வைஃபை, லேன் கேபிள், விபிஎன், விர்ச்சுவல்பாக்ஸ், ஹைப்பர்-வி என்று ஐந்து அடாப்டர்கள் இருந்தால், விண்டோஸ் அந்தப் பொதுக் கூவலை மெட்ரிக் எண் (முன்னுரிமை எண்) குறைந்த அடாப்டர் வழியாக அனுப்புகிறது. பெரும்பாலும் அது உங்கள் வைஃபை. நண்பர்கள் இருப்பதோ விபிஎன்னில்.

சரிசெய்யும் வழி: நெட்வொர்க் கனெக்‌ஷன்ஸ் திறந்து, விபிஎன் அடாப்டரின் மேல் வலது கிளிக், பிராப்பர்ட்டீஸ். "இன்டர்நெட் புரோட்டோகால் வெர்ஷன் 4" வரியைத் தேர்ந்து மறுபடி பிராப்பர்ட்டீஸ், அதில் அட்வான்ஸ்டு. கீழே "ஆட்டோமேட்டிக் மெட்ரிக்" டிக்கை எடுத்துவிட்டு, பெட்டியில் 1 என்று போடுங்கள். ஆட்டம் திறந்திருந்தால் மூடித் திறங்கள். பயன்படுத்தாத விர்ச்சுவல் அடாப்டர்களை ஆட்டம் முடியும்வரை டிசேபிள் செய்துவிடுவது இன்னும் பாதுகாப்பு. இதையும் எல்லோரும் செய்ய வேண்டும். தேடுகிறவர் சரியான வாசலில் கூவ வேண்டும், ஹோஸ்ட் அதே வாசலில் கேட்க வேண்டும்.

அதன்பிறகும் காலி என்றால் கூவலையே தவிர்த்துவிடலாம். ஆட்டத்தில் இணைய டிசிபி/ஐபி இணைப்பைத் தேர்ந்து, முகவரி கேட்கும் இடத்தில் ஹோஸ்டின் விபிஎன் முகவரியை (26 என்று தொடங்குவது) அடியுங்கள். வீட்டு 192.168 முகவரியை அடித்துவிட்டுத் தவிப்பவர்கள் நிறைய.

இவ்வளவும் வேண்டாம் என்பவர்களுக்கு கேம்ரேஞ்சர் என்ற சேவை இருக்கிறது. அது இந்த ஆட்டத்தின் போக்குவரத்தைத் தன் சொந்தக் குழாய் வழியாக, யுடிபி 16000-இல் கொண்டுபோகிறது. முன்பின் தெரியாதவர்களோடு ஆட அதுதான் எளிது. தெரிந்த நான்கு பேர் வாரம் ஒருமுறை ஆட, ஒருமுறை ஒழுங்காகச் செட் செய்த விபிஎன்தான் நிலையாக நிற்கும்.

சேர்ந்தபின் வரும் சிக்கல்கள்

"அவுட் ஆஃப் சிங்க்" என்று ஆட்டம் பாதியில் உடைந்தால் நெட்டைத் திட்டாதீர்கள். இந்த ஆட்டம் வீரர்கள் எங்கே நிற்கிறார்கள் என்பதை அனுப்புவதே இல்லை. "இந்தப் படை அங்கே போகட்டும்" என்ற கட்டளையை மட்டும் அனுப்புகிறது. ஒவ்வொரு கணினியும் முழுப் போரையும் தானே கணக்கிடுகிறது. அதனால்தான் மோடத்தில் ஓடியது. அதனாலேயே ஒரு கணினியில் ஒரு தரவுக் கோப்பு மாறியிருந்தாலும் கணக்கு பிசகும். ஒருவர் வில்வீரனின் வலிமையை மாற்றும் மாட் போட்டிருக்கிறார், இன்னொருவரிடம் 1.0சி பேட்ச் (ஆட்டத்தின் திருத்தக் கோப்பு) இல்லை என்றால் போதும். சேருவதற்கு முன் எல்லோரும் ஒரே பதிப்பு, ஒரே மாட் என்று உறுதி செய்யுங்கள். சந்தேகம் இருந்தால் ஒருவருடைய ஆட்டக் கோப்புறையை அப்படியே மற்றவர்களுக்கு நகலெடுங்கள். அரைமணி நேர விசாரணை மிச்சம்.

ஆட்டம் மொத்தமாக மெதுவாகிறது என்றால் மிக மெதுவான கணினியைத் தேடுங்கள். எல்லோரும் ஒரே கணக்கை ஒரே வேகத்தில் போட வேண்டியிருப்பதால், ஒருவர் தடுமாறினால் எட்டுப் பேரும் காத்திருப்பார்கள். ஹோஸ்ட் மக்கள்தொகை வரம்பை 200-இலிருந்து 100-க்குக் குறைத்து, வரைபடத்தையும் ஒரு அளவு சிறிதாக்கினால் பெரும்பாலும் தீர்ந்துவிடும்.

கட்டளை கொடுத்தால் படை தயங்கி நகர்கிறது என்பது வேறு கதை. கட்டளைகள் கொஞ்சம் தள்ளி வரும் ஒரு நேரத்துக்கென்று குறித்து வைக்கப்பட்டு, எல்லாக் கணினிகளிலும் ஒரே கணத்தில் நடக்கின்றன. ஆட்டத்தை உருவாக்கியவர்கள் சோதித்தபோது, 250 மில்லிசெகண்ட் தாமதத்தை ஆடுகிறவர்கள் கவனிக்கவே இல்லை, 500 வரை நன்றாகவே ஆட முடிந்தது. தாமதம் 80-க்கும் 500-க்கும் இடையே தாவிக்கொண்டிருப்பதுதான் அவர்களை எரிச்சலூட்டியது. ஆகவே வேகமான இணைப்பைவிடச் சீரான இணைப்பு முக்கியம். வைஃபையை விட்டு லேன் கேபிளுக்கு மாறுங்கள். வீட்டில் ஓடும் பெரிய டவுன்லோடை நிறுத்துங்கள். பிங் 150 இருந்தாலும் 150-லேயே நின்றால் ஆட்டம் அருமையாக ஓடும்.

முதல்முறை எட்டுப் பேரையும் ஒன்றாகக் கூட்டாதீர்கள். இருவர் சேர்ந்து ஐந்து நிமிடம் ஆடுங்கள். பிறகு ஒவ்வொருவராகச் சேர்த்து, ஒவ்வொரு முறையும் ஆட்டத்தைத் தொடங்கிப் பாருங்கள். எந்தப் பெயர் வந்ததும் உடைகிறதோ, அந்தக் கணினியில் ஃபயர்வால், மெட்ரிக், பேட்ச் என்ற வரிசையில் பாருங்கள்.