கால இயந்திரத்துக்கும் எண்ணெய் போட வேண்டும்

கோவை கணபதியில் லேத் பட்டறை வைத்திருப்பவனுக்கு வருவதெல்லாம் பம்பு ஷாஃப்ட், கிரைண்டர் பாகம், மில் ஸ்பேர், இவ்வளவுதான். கால இயந்திரம் செய்துகொடுங்கள் என்று கேட்டு வந்தது ஒரே ஒரு கூட்டம். குறும்படம் எடுக்கும் கல்லூரிப் பையன்கள். கதையும் வைத்திருந்தார்கள்: அப்பா வேலை பார்த்த மில் மூடிப்போகிறது, மகன் காலத்தில் பின்னால் போய், அந்த மில் மூடாத ஒரு ஊரை உண்டாக்கப் பார்க்கிறான். நம் ஊரில் இந்தக் கதை நிறைய வீடுகளுக்குப் பொருந்தும் என்பதால்தான் வேலையை எடுத்தேன்.

"அண்ணா, இது ஓட வேண்டியதில்லீங்க. ஓடற மாதிரி தெரிஞ்சாப் போதும்" என்றான் ஒருவன். எங்கள் பட்டறையில் மூத்த ஃபிட்டர் ஒருவர் இருக்கிறார், இளவயதில் மில்லில் இருந்தவர். கையைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "ஓடற மாதிரி தெரியோணும்னா, எதோ ஒண்ணு நெசமாவே ஓடோணும் கண்ணு."

இரும்பை வாங்குமுன் எச்.ஜி. வெல்ஸின் ‘டைம் மெஷின்’ நாவலைப் படித்தேன். 1895இல் வந்தது. கோவையில் ஸ்டேன்ஸ் துரையின் நூற்பாலை தொடங்கி அப்போதே ஏழு வருடம் ஆகிவிட்டது. மெஷின் எப்படிக் காலத்தில் போகிறது என்று வெல்ஸ் விளக்கமாகச் சொல்லவில்லை. ஆனால் மெஷினோடு பழகியவன் எதைப் பார்ப்பானோ அதையெல்லாம் எழுதிவிடுகிறார். உட்கார ஒரு சீட்டு, முன்னால் போக ஒரு லிவர், பின்னால் வர ஒன்று. பயணி இறங்கி வெளியே போகும்போது லிவர்களைக் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொள்கிறான். மோட்டார் ரிப்பேர் பார்க்கும்போது ஃபியூஸ் கேரியரைப் பிடுங்கிப் பையில் வைத்துக்கொள்வோமே, அதே எச்சரிக்கை.

இன்னொரு இடம். பூமிக்கடியில் வாழும் மார்லாக்குகள் அந்த மெஷினை இழுத்துப்போய் அடைத்துவிடுகிறார்கள். திரும்பக் கிடைக்கும்போது அது நன்றாகத் துடைத்து எண்ணெய் போட்டு வைக்கப்பட்டிருக்கிறது. மார்லாக்குகளைப் பார்த்து நாம் அருவருக்க வேண்டும் என்றுதான் கதை போகிறது. எனக்கு அந்த வரியில் அவர்கள் மேல் மரியாதை வந்துவிட்டது. என்ன மெஷின் என்றே தெரியாமல் அதற்கு எண்ணெய் போட்டவர்கள் நம் ஆட்கள்தான்.

பிறகு டயல்கள். நாவலில் நான்கு: நாள், ஆயிரம் நாள், பத்து லட்சம் நாள், நூறு கோடி நாள். ஒன்றுக்கொன்று ஆயிரம் மடங்கு. கியரில் வேகத்தை ஆயிரத்துக்கு ஒன்று என்று இறக்க, பத்துக்கு ஒன்றாக மூன்று ஜோடி வேண்டும். நான்கு டயலுக்கு ஒன்பது ஜோடி. பயணி போய் நிற்கும் வருடம் 8,02,701. கணக்குப் போட்டால் ஏறக்குறைய 29 கோடி நாள். மூன்றாவது முள் 292ஐத் தாண்டியிருக்கும். நான்காவது முள் அசைந்ததே கண்ணுக்குத் தெரியாது. எட்டு லட்சம் வருடம் போயும் அசையாத அந்த முள்ளை நினைத்து அன்று ராத்திரி வெகுநேரம் தூக்கம் வரவில்லை.

ஒன்பது ஜோடி கியர் வெட்டப் பையன்களிடம் காசு இல்லை. உக்கடம் பழைய இரும்புக் கடையில் தேடியபோது ஹேங்க் மீட்டர் ஒன்று கிடைத்தது. மில்லில் நூல் நூற்கும் ரிங் ஃபிரேமில் எவ்வளவு நூல் ஓடியது என்று காட்டுவது; ஒரு ஹேங்க் 840 கஜம். மூன்று ஷிஃப்டுக்கும் தனித்தனி எண் வரிசை, மாற்றுவதற்கு ஓரத்தில் சின்ன லிவர். எங்கள் ஃபிட்டர் பெரியவர் அதை மண்ணெண்ணெயில் ஊறப்போட்டு, பிரஷ் வைத்துத் தேய்த்து, ஷாஃப்டை விரலால் சுற்றினார். எண்கள் உருண்டன. "மூணாம் ஷிஃப்டு நம்பரு எப்பவும் கொஞ்சம் கம்மியாத்தான் நிக்கும். தூக்கம் சொக்கும்" என்றார். பையன்கள் அப்படியே பிடித்துக்கொண்டார்கள்: முதல் ஷிஃப்டு போன காலம், இரண்டாவது இன்று, மூன்றாவது வரப்போவது.

கால இயந்திரத்தின் லிவரில்தான் வாக்குவாதம் வந்தது. பின்னால் தள்ளியதும் எல்லாம் பழையபடி ஆகிவிட வேண்டும் என்றார்கள். நான் அவர்களை லேத்துக்குக் கூட்டிப்போனேன். டூலைத் தாங்கி நகரும் கிராஸ் ஸ்லைடை முன்னால் தள்ளிவிட்டு, ஹேண்டிலை அதே அளவு திருப்பினால் டூல் பழைய இடத்துக்கு வராது. திருகுக்கும் நட்டுக்கும் நடுவே உள்ள ஆட்டம், அதாவது பேக்லாஷ், முதலில் தீர வேண்டும். அதனால் கூடுதலாகப் பின்னால் போய், மறுபடி முன்னால் வந்துதான் அளவைப் பிடிப்போம். அதற்குள் டூல் சீவிய இரும்பு சீவியதுதான், திரும்ப ஒட்டாது. பின்னால் போக முடியும் என்று கதை கட்டுகிறவர்கள் இந்த ஆட்டத்தையும் சேர்த்துக் கட்டினால்தான் எனக்கு நம்பிக்கை வரும்.

சரி என்று ஒத்துக்கொண்டார்கள். லிவரின் முளைக்கு ஓட்டையைக் கொஞ்சம் பெரிதாகப் போட்டு வேண்டுமென்றே ஆட்டம் வைத்தேன். ஷூட்டிங்கில் மகனாக நடித்த பையன் லிவரை இழுத்தான். முதல் ஒரு அங்குலம் பிடிமானமே இல்லாமல் வந்தது. அவன் முகம் மாறியது. அதற்கப்புறம்தான் எண்கள் பின்னோக்கி உருள ஆரம்பித்தன. அவனிடம் யாரும் அந்த ஆட்டத்தைப் பற்றிச் சொல்லியிருக்கவில்லை.

இப்போது அடுத்த படத்துக்கும் ஒன்று கேட்டிருக்கிறார்கள். எண்கள் டிஜிட்டலில் ஒளிர வேண்டுமாம். உருளும் எண் இருந்தால்தான் செய்வேன் என்று சொல்லியிருக்கிறேன். பெரியவர் இன்னொரு ஹேங்க் மீட்டருக்குச் சொல்லிவைத்திருக்கிறார்.