தோள் முதலில் சொல்லும்

நடிகர் 2 மீட்டர் தூரத்தில் உட்கார்ந்திருக்கிறார். 85 எம்.எம். லென்ஸ், ஃபுல் ஃப்ரேம் சென்சார், அப்பர்ச்சர் டி 2, அதாவது லென்ஸின் ஒளித்திறப்பு நன்றாக அகலத் திறந்த நிலை. இந்த நிலையில் தெளிவாக விழுவது 6, 7 சென்டிமீட்டர் ஆழம்தான். பேச்சின் வேகத்தில் அவர் சற்று முன்னால் சாய்ந்தால் போதும், கண் மங்கிக் காது தெளிவாகிவிடும். அப்படி ஆகாமல் பார்த்துக்கொள்வதுதான் என் வேலை. ஜெர்மன் மொழிப் படங்களில் ஃபோகஸ் புல்லராக, அதாவது நடிகர் நகர நகர லென்ஸின் தெளிவைச் சரிசெய்பவராக இருக்கிறேன்.

இந்த இடத்துக்கு வருமுன் பல ஆண்டுகள் கிளாப் அடித்து, பேட்டரி சார்ஜ் போட்டு, லென்ஸ் பெட்டி சுமந்தேன். குளிர்காலப் படப்பிடிப்பு அப்போதுதான் பழகியது. ஆல்ப்ஸின் டிரோல் மலைப்பகுதியில் பனியில் நின்ற கேமராவை அப்படியே சூடான அறைக்குள் கொண்டுவந்தால் லென்ஸ் முழுக்க ஆவி படிந்துவிடும். துடைத்தால் மறுபடி படியும். பெட்டியை மூடியபடியே உள்ளே வைத்து, மெல்ல வெப்பமேற விட வேண்டும். மொத்த யூனிட்டும் காத்திருக்கும்போது, "இன்னும் கொஞ்சம் பொறுங்கள்" என்று இயக்குநரிடம் சொல்லத் தனித் துணிச்சல் வேண்டும்.

முன்பெல்லாம் ஃபோகஸ் சக்கரம் கேமராவிலேயே இருக்கும். நடிகருக்குக் கையெட்டும் தூரத்தில் நின்றாக வேண்டும். இப்போது வயர்லெஸ் வந்துவிட்டது; அடுத்த அறையில் மானிட்டர் முன்னால் உட்கார்ந்தே வேலையை முடிக்கலாம். பலர் அப்படித்தான் செய்கிறார்கள், நன்றாகவும் செய்கிறார்கள். நான் மட்டும் இன்னும் கேமரா பக்கத்திலேயே இடம் கேட்கிறேன். ஃபோகஸ் போனபிறகுதான் மானிட்டர் காட்டும். எழப்போகிறவரின் தோளோ முன்கூட்டியே சொல்லிவிடும்.

ஒளிப்பதிவாளர் யோஸ்ட் வகானோ மேல் எனக்குள்ள மரியாதைக்கும் இதுதான் காரணம். 1981-இல் வந்த 'தாஸ் போட்' என்ற ஜெர்மன் படத்துக்காக, நீர்மூழ்கிக் கப்பலின் குறுகிய உட்புறத்தில், ஆட்டத்தைக் குறைக்கும் கைரோஸ்கோப் பொருத்திய கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு நடிகர்களோடு அவரே ஓடினார். அந்தப் படத்தின் மூச்சுமுட்டலில் பாதி அவர் கால்களில் இருந்து வந்தது என்பேன்.

படம் உலகெங்கும் ஓடியது. அந்த வருமானத்தில் நியாயமான பங்கு வேண்டும் என்று அவர் பின்னாளில் பல ஆண்டுகள் நீதிமன்றம் ஏறி இறங்கினார். அப்படிக் கேட்க ஒளிப்பதிவாளருக்கு உரிமை உண்டு என்பது அந்த வழக்கில் உறுதியானது. எங்களுக்கு அது சின்ன விஷயமல்ல. இங்கே பெரும்பாலும் ஒவ்வொரு படத்துக்கும் தனி ஒப்பந்தம். படப்பிடிப்பு முடிந்தால் சம்பளமும் முடிந்தது. என்னைப் போன்ற உதவியாளர்களுக்கு அந்த உரிமை இல்லைதான். ஆனாலும் கேமராவுக்குப் பின்னால் நிற்பவரின் உழைப்பை ஒரு நீதிமன்றம் எடைபோட்டுப் பார்த்ததே, அதில் எனக்கு மகிழ்ச்சி.

புதிதாகச் சேரும் உதவியாளர்களிடம், ஒத்திகை நடக்கும்போது மானிட்டரைப் பார்க்க வேண்டாம் என்கிறேன். நடிகர் எந்தக் காலை முதலில் எடுத்துவைக்கிறார், எந்தச் சொல்லில் திரும்புகிறார் என்று பார்க்கட்டும். அப்புறம் டேப்பை எடுத்து அளக்கலாம்.