தராசு முள் அடங்கும்வரை

கொழும்பிலிருந்து கமராவோடு மலையகத்துக்குப் போகிறவர்கள் முதலில் எடுப்பது ட்ரோன் ஷாட்தான். நானும் வேண்டிய மட்டும் எடுத்து வைத்திருக்கிறேன்; விளம்பரக்காரர்கள் காசு தருவது அதற்குத்தானே. ஆனால் அந்த உயரத்திலிருந்து பார்த்தால் லயத்து, அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளின், தகரக்கூரை தெரியும், தேயிலைக் கொழுந்து பறிக்கிற ஆள் தெரியமாட்டார்.

பீகோ டிரெயில் என்ற நெடுநடைப் பாதை வந்த பிறகு சாகசப் படம் எடுக்கும் மோகம் இன்னும் கூடிவிட்டது. கண்டி ஹந்தானையில் தொடங்கி நுவரெலியா வரை 22 கட்டங்கள், 300 கிலோமீற்றருக்கு மேல். அருமையான நடை, மறுப்பதற்கில்லை. ஆனால் அதில் பெரும்பகுதி வெள்ளைக்காரன் காலத்தில் தேயிலை இறக்கிய பழைய தோட்டத்து வழி. நாங்கள் ஊன்றுகோலும் முழங்கால் பட்டியுமாக மூச்சு வாங்கி ஏறும் சரிவில், இடுப்பில் சுற்றிக் கட்டிய படங்குச் சாக்கும் முதுகில் கூடையுமாக ஒரு அக்கா ரப்பர் செருப்போடு இறங்கி வருவார். "பார்த்து தம்பி, வழுக்கும்" என்று எங்களுக்குப் புத்தியும் சொல்லிவிட்டுப் போவார்.

கொழுந்து பறிப்பவர்களைப் பற்றி நான் எடுக்கும் படத்தில் எனக்கு ட்ரைபொட் வைக்கப் பிடித்த இடம் கொழுந்து நிறுக்கும் கொட்டில். சாக்கைக் கொக்கியில் மாட்டியதும் பேச்சு நின்றுவிடும், எல்லார் கண்ணும் தராசு முள்ளில்தான். ஈரத்துக்கு, சாக்குக்கு என்று கழித்ததுபோக மிச்சம்தான் கணக்கு. போதாவிட்டால் அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம்தான். எந்தப் பாறையில் தொங்குகிறவன் முகத்திலும் அப்படியொரு க்ளோசப் எனக்குக் கிடைத்ததில்லை.

ஒரு அக்கா மட்டும், "முகத்த எடுக்காதீங்க தம்பி, வேணும்னா கைய எடுங்க" என்றார். விரலிடுக்கெல்லாம் கறை கறுத்துப் படிந்திருந்தது. ஆட்காட்டி விரலில் சைக்கிள் டியூப் துண்டொன்றைச் சுற்றிக் கட்டியிருந்தார். முழுப் படத்திலும் எனக்குப் பிடித்த ஷாட் அதுதான்.

புதிதாக எடுக்கப் போகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். விடியற்காலைக் குளிரில் நின்றுவிட்டு நேரே லயத்து அடுப்படிக்குள் போனால் லென்ஸ் முழுக்க ஆவி படியும். வாசலிலேயே கமராவைப் பொலித்தீன் பைக்குள் போட்டு இறுகக் கட்டிவிடுங்கள். அது சூடாகும்வரை பிளேன் டீ குடித்துக்கொண்டு கதை கேட்கலாம். நல்ல கதைகள் எல்லாம் கமரா பைக்குள் கிடக்கும்போதுதான் வரும், அது வேறு விஷயம்!

அவர்கள் பறிக்கும் தேயிலை 1883இலிருந்து கொழும்பு ஏலத்துக்கு வந்துகொண்டிருக்கிறது. படத்தை நான் வெட்டுவதும் அதே கொழும்பில், வெள்ளவத்தையில் ஒரு மாடி அறையில். தராசுக் காட்சி நீளம், குறை என்கிறார் காசு போட்டவர். நான் ட்ரோன் ஷாட்டைக் குறைத்துவிட்டேன். இப்போதைக்கு அவர் என்னோடு பேசுவதில்லை. சரி, பார்ப்போம். படத்தின் முதல் திரையிடலைக் கொழும்பில் வைக்காமல் அந்தத் தோட்டத்துக் கோயில் முற்றத்தில் வேட்டியைத் திரையாகக் கட்டிப் போட்டுக் காட்டலாம் என்று யோசனை. அதற்கு மழை விடவேண்டும்.