லோமுவின் சிறுநீரகம்

1998இல் கோலாலம்பூரில் காமன்வெல்த் போட்டிகள் நடந்தபோது, அணிக்கு ஏழு பேர் ஆடும் எழுவர் ரக்பி பார்க்க அப்பா என்னை அழைத்துப்போனார். எனக்குப் பன்னிரண்டு வயது. நியூசிலாந்து அணியில் ஜோனா லோமு இருந்தார். ஆறடி ஐந்து அங்குல உயரம். பந்து கைக்கு வந்ததும் அரங்கமே எழுந்து நின்றது. "லாரிக்கு இறக்கை முளைத்த மாதிரி ஓடுகிறான், பார்" என்றார் அப்பா. ஃபிஜியைத் தோற்கடித்து அவர்கள் தங்கம் வாங்கினார்கள்.

அந்த உடம்புக்குள் சிறுநீரகம் பழுதாகிக்கொண்டிருந்தது அன்று எங்களுக்குத் தெரியாது.

லோமு என்றாலே எல்லோரும் 1995 உலகக் கோப்பை அரையிறுதியைத்தான் சொல்வார்கள். கேப் டவுனில் இங்கிலாந்துக்கு எதிராக நான்கு டிரை. எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் பந்தைத் தரையில் வைத்துப் புள்ளி எடுப்பதுதான் டிரை. முதல் டிரையின்போது எதிரே நின்ற இங்கிலாந்து ஆட்டக்காரர் மைக் கேட் என்பவரை மிதித்துக்கொண்டே போனார். அப்போது அவருக்கு வயது இருபது. டோங்கா நாட்டுப் பெற்றோருக்குப் பிறந்து, தெற்கு ஆக்லாந்தில் வளர்ந்தவர். அதே ஆண்டின் இறுதியில்தான் நெஃப்ரோடிக் என்ற சிறுநீரக நோய் கண்டுபிடிக்கப்பட்டது. 1999 உலகக் கோப்பையில் அவர் வைத்த எட்டு டிரைகளும் அந்த நோயோடு வைத்தவை. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மார்பு விம்முகிறது.

2003இல் டயாலிசிஸ். வாரம் மூன்று முறை. மறு ஆண்டு, வெலிங்டன் வானொலி அறிவிப்பாளரான கிராண்ட் கெரியாமா என்ற நண்பர் தம் சிறுநீரகம் ஒன்றைக் கொடுத்தார். 2005 டிசம்பரில் லோமு வேல்ஸின் கார்டிஃப் அணிக்காக மறுபடி களம் இறங்கினார். பழைய வேகம் இல்லை. இருந்தும் அவருடைய ஆட்டங்களில் எனக்கு மிகப் பெரியது அதுதான். அப்பாவை வாரம் மூன்று நாள் டயாலிசிஸ் மையத்துக்கு அழைத்துப்போகத் தொடங்கிய பிறகு இன்னும் உறுதியாகச் சொல்வேன். நான்கு மணி நேரம் இயந்திரத்தோடு இருந்துவிட்டு எழுந்தால், கார் வரை நடப்பதற்கே அப்பாவுக்கு என் தோள் வேண்டியிருந்தது.

நண்பர் தந்த சிறுநீரகமும் 2011இல் செயலிழந்தது. மீண்டும் டயாலிசிஸ். 2015 நவம்பர் 18 அன்று, நாற்பதாவது வயதில், லோமு ஆக்லாந்தில் இறந்தார். சின்னஞ்சிறு மகன்கள் இருவர்.

அன்று அப்பாவுக்கு டயாலிசிஸ் நாள். சொல்லலாமா வேண்டாமா என்று யோசித்து, கடைசியில் சொல்லிவிட்டேன். சற்று நேரம் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். பிறகு, "அந்தச் சிறுநீரகம் கொடுத்த பையன் நன்றாக இருக்கிறானா?" என்று கேட்டார்.