பிரஷர் யாருக்கு?

"எனக்கு ரெண்டு நாளா தலை சுத்துது" என்றேன். நர்ஸ் அக்கா சட்டென்று என் கையைப் பிடித்து, பிரஷர் பட்டியைச் சுற்ற ஆரம்பித்துவிட்டார்.

"எனக்கில்லக்கா, அண்ணனுக்கு!"

தங்கச்சிமடம் மருத்துவ முகாம், இன்று காலை. பக்கத்தில் இருந்த அண்ணன் நாட்டுப்படகுக்காரர், காது கேளாதவர். குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார்.

சைகை மொழிபெயர்ப்பில் முதல் பாடமே இதுதான். "அவருக்குத் தலை சுத்துதாம்" என்று சொல்லக் கூடாது. அவர் 'நான்' என்றால் நானும் 'நான்'. டாக்டர் பேசினால் அடுத்த நொடி டாக்டரின் 'நான்'.

"மாத்திரை சாப்பிடுறீங்களா?" என்று டாக்டர் கேட்டார். நான் சைகையில் சொன்னேன்.

கை சரியாகத்தான் போனது. புருவத்தைத் தூக்க மறந்துவிட்டேன்.

இந்திய சைகை மொழியில் ஆமா-இல்லையா கேள்வி புருவத்தில் இருக்கிறது. அது ஏறாவிட்டால் கேள்வியே இல்லை, 'சாப்பிடுறீங்க' என்று நானே முடிவு செய்த மாதிரி. மனுஷன் பதறிப்போய் மறுத்தார். பிறகு புரிந்துகொண்டு, என் நெற்றியைச் சுட்டித் தன் புருவத்தை ஏற்றிக் காட்டினார்.

டெல்லி இந்திய சைகை மொழி ஆராய்ச்சி, பயிற்சி மையத்தின் அகராதி 2021-லேயே 10,000 சொற்களைத் தொட்டுவிட்டது. எனக்கு ஐந்நூறு தேறினால் அதிகம். (புருவம் தனிக் கணக்கு.)

வெளியே கடற்கரை. இன்ஜின் இரைச்சலில் படகுக்குப் படகு கைச்சாடையில்தான் பேச்சு. கடலுக்குள் அண்ணனுக்கு ஆள் வேண்டாம். கரையேறினால்தான் நான் தேவைப்படுகிறேன்.

கிளம்பும்போது என் கையைச் சுட்டிக் கேட்டார்: உனக்குப் பிரஷர் சரியா இருக்கா?

புருவம் உச்சிக்கே போயிருந்தது.