காலடிச் சத்தம்

பாரிஸில், காது கேளாதோருக்கான சப்டைட்டில் எழுதும் சிறிய நிறுவனம் ஒன்றில் வேலை பார்த்தேன். 2005-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் சட்டத்துக்குப் பிறகு பிரெஞ்சுத் தொலைக்காட்சியில் இந்த வேலை பெருகியிருந்தது. ஒருநாள் ஜார்ஜ் ஃபேதோவின் ‘அன் ஃபில் ஆ லா பத்’ என் கைக்கு வந்தது. 1894-இல் அரங்கேறிய நகைச்சுவை நாடகம். பாரிஸின் தேசிய நாடக அரங்கான கொமேதி ஃபிரான்சேஸுக்காக ஜாக் ஷரோன் மேடையேற்றியதை 1970-இல் பியேர் பதேல் தொலைக்காட்சிக்குப் படமாக்கியிருந்தார்.

கதாநாயகன் புவா தாங்கியனுக்கு அன்றைக்குத்தான் திருமண ஒப்பந்தம். காதலி லுசெத்திடம் அதைச் சொல்ல வாய் வரவில்லை. செய்தி ‘ஃபிகாரோ’வில் வந்துவிட்டதால், அவள் வீட்டில் யார் கையில் அந்தப் பத்திரிகையைப் பார்த்தாலும் பிடுங்கி ஒளிக்கிறான்.

எங்கள் தொழிலில் நிறம்தான் இலக்கணம். பேசுபவர் திரையில் தெரிந்தால் வெள்ளை, தெரியாவிட்டால் மஞ்சள், சத்தங்களுக்குச் சிவப்பு, வேற்றுமொழிக்குப் பச்சை. கதவுக்குப் பின்னால் மஞ்சளாகக் கத்துகிறவர் உள்ளே வந்ததும் வெள்ளையாகிவிடுவார். ஃபேதோவின் நாடகம் எவ்வளவு தூரம் கதவுகளால் கட்டப்பட்டது என்பதை அந்த நிறங்கள்தான் எனக்குக் காட்டின. வசனத்தை மட்டும் படித்திருந்தால் பிடிபட்டிருக்காது.

மூன்றாம் அங்கத்தில் புவா தாங்கியன் உள்ளாடையோடு மாடிப்படி முகப்பில் நிற்கிறான், கதவு பூட்டிக்கொண்டுவிட்டது. நோட்டரி அலுவலக எழுத்தர் பூஸான் மேலே வருகிறார். நான் சிவப்பில் ‘பூஸானின் காலடிச் சத்தம்’ என்று எழுதினேன். சரிபார்த்த சக ஊழியை பிறவியிலேயே காது கேளாதவர். என்னிடம் வந்து திரையைக் காட்டி, தாளில் எழுதினார்: “வருவது யாரென்று உனக்குக் காதால் தெரிந்ததா?”

தெரியவில்லை. முகத்தைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது.

“அப்படியானால் எனக்கும் அப்போது தெரிந்தால் போதும்.”

அதுவரை கூடுதலாகச் சொல்வதுதான் உதவி என்று நம்பியிருந்தேன். அவருக்குச் சேரவேண்டிய எதிர்பார்ப்பை நானே எடுத்துக்கொண்டிருந்தேன். பெயரை அழித்தேன். பிறகு முதல் அங்கத்திலிருந்து மறுபடி உட்கார்ந்து, முந்திக்கொண்டு வந்த வரிகளை நடிகரின் உதட்டோடு பொருந்தும்வரை தள்ளிவைத்தேன். அதற்கே இரண்டு நாள் ஆயிற்று.

பூஸானாக நடித்தவர் ரொபேர் இர்ஷ். விசிறியாக விரியும் மேடைத் துப்பாக்கியைக் காட்டி அவருடைய உடையையே புவா தாங்கியன் பறித்துக்கொள்கிறான். அந்த மனிதரின் முழங்காலும் தோளும் பயப்படுகிற விதத்துக்கு என்னிடம் எந்த நிறமும் இல்லை. அவர் ஓடும் இடங்களில் எழுதியிருந்த சிவப்பு வரிகள் அத்தனையையும் எடுத்துவிட்டேன்.

சக ஊழியை அந்தப் பகுதியில் எதையும் திருத்தவில்லை.